நீக்கலாமா?

பிப்ரவரி. ப்ஷெமிஷ்லில் சான் ஆற்றின் ஓரங்கள் உறைந்துவிட்டன.
கல்லறைச் சாலையில் மலர்வளையக் கடை.
லுத்மீவா கையுறையைக் கழற்றாமலே
திரையைச் சுட்டுகிறாள்:
நிரலைத் தொடங்க முடியவில்லை,
ஒரு கோப்பைக் காணவில்லை.

இரண்டு மணிக்கு அடக்கம்.
ஏழு நாடாக்களில் பொன்னெழுத்து ஏற வேண்டும்.
இப்போது பதினொன்றே கால்.

"நேற்றே என் தங்கை மகன் சரிசெய்தான்" என்கிறாள்.
எங்கிருந்தோ அதே பெயரில் ஒன்றை இறக்கி
நிரலின் பக்கத்தில் உட்காரவைத்திருக்கிறான்.
பிழை போகவில்லை, உடை மாற்றிக்கொண்டது:
இப்போது சொற்களே இல்லை,
பூஜ்யமும் எக்ஸும் சியுமாக ஓர் எண்.

பெயர் ஒன்றானால் ஆள் ஒன்றா?
நிரல் முப்பத்திரண்டு பிட்.
வந்து உட்கார்ந்த விருந்தாளி அறுபத்துநான்கு.
விண்டோஸின் வேடிக்கை வேறு:
முப்பத்திரண்டு என்று பலகை மாட்டிய அறையில்
அறுபத்துநான்குகள் குடியிருக்கின்றன;
முப்பத்திரண்டுகள் தேட வந்தால்
ஓசையில்லாமல் பக்கத்து அறைக்குத் திருப்பிவிடுவார்கள்.
இதை அவளிடம் சொல்லவில்லை.
சாமந்திக் கட்டை அவிழ்த்துக்கொண்டிருந்தாள்.

ஊர் பேர் தெரியாத கோப்பை முதலில் வெளியேற்றினேன்.
ஆர்டர் சீட்டின் பின்புறம் கோடு இழுத்தேன்:
நாடா நிரல் இதைக் கேட்கிறது,
இது இன்னொன்றைக் கேட்கிறது,
அந்த இன்னொன்று மூன்று பேரைக் கேட்கிறது.
நூலகம் என்று இதற்குப் பெயர்.
படிக்க ஒன்றுமில்லை.
எழுத்தை அளக்கும் வேலை, நினைவகம் கேட்டு வாங்கும் வேலை,
ஒவ்வொரு வீட்டிலும் உரல் எதற்கு என்று
தெருவுக்கு ஒன்றாகப் போட்டு வைத்தது.

"போன மாதம் எதையாவது நீக்கினீர்களா?"

கத்தரிக்கோல் நின்றது.
"சதுரங்கம்.
ஆந்த்ஷேய் ஆடுவது.
அவன் கிதீனியாவுக்குப் போய்விட்டான், அவளோடு."

நீக்கும்போது பெட்டி ஒன்று வந்து கேட்டதாம்:
*இந்தப் பொதுக் கோப்பை
இனி எந்த நிரலும் பயன்படுத்துவதாகத் தெரியவில்லை.
நீக்கலாமா?*
"ஆம் என்றேன்.
அன்று எது கேட்டிருந்தாலும்
ஆம் என்றுதான் சொல்லியிருப்பேன்."

பெட்டி பொய் சொல்லவில்லை.
அதனிடம் ஓர் எண்ணிக்கை உண்டு,
முறையாக நிறுவப்பட்டவர்களுக்கு மட்டும்.
நாடா நிரலோ பழைய கணினியிலிருந்து
கோப்புறையோடு நகலெடுத்து வந்தது;
கதவைத் தட்டாமல் நுழைந்தது,
பேரேட்டில் கையெழுத்துப் போடாதது.
சதுரங்கம் போனதும் ஒன்று பூஜ்யமானது.
அவ்வளவு ஆண்டும் ஆந்த்ஷேயின் குதிரைகளும்
அவள் அச்சடித்த இரங்கல்களும்
ஒரே கோப்பின் மேல் நின்றிருக்கின்றன.

தயாரித்தவரின் தளத்திலிருந்தே தொகுப்பை எடுத்தேன்,
முப்பத்திரண்டுக்கானது, பழைய ஆண்டினது.
பச்சைப் பட்டை ஊர்ந்தது.

"சதுரங்கமும் திரும்பி வந்துவிடுமா?"
"இல்லை. கோப்பு மட்டும்."
"சரி" என்று பூக்களுக்குத் திரும்பினாள்.
கொஞ்ச நேரம் கழித்து, "நன்றாக ஆடுவான்" என்றாள்.

பன்னிரண்டே முக்கால்.
நிரல் திறந்தது. அச்சுத்தலை சூடேறி
ஊதா நாடாவின்மேல் மெல்ல நகர்ந்தது:
இக்னாட்சி கவ்ரோன்ஸ்கிக்கு,
மூன்றாம் படிக்கட்டின் அண்டை வீட்டார்.

குடும்பப் பெயரில் ஒரு 'ன்'னின் தலைமேல்
இருக்க வேண்டிய சாய்கோடு இல்லை.
அது எந்தக் கோப்பின் குற்றமோ,
எழுத்துருவா, மொழி அமைப்பா,
அந்த மூன்று பேரில் ஒருவரா,
தேட ஆரம்பித்தேன்.

லுத்மீவா நாடாவை என்னிடமிருந்து வாங்கிக்கொண்டாள்.
இழுப்பறையில் பொன்மைப் பேனா இருந்தது.
கையுறையை இப்போதுதான் கழற்றினாள்.
ஏழு நாடாக்களிலும்
ஏழு முறை
அந்தக் கோட்டைப் போட்டாள்.